நடந்ததும் நடித்ததும்

அவனுக்கு நண்பர்கள் வைத்த பெயர் உண்மைவிளம்பி. பாராட்டி வைத்த பெயர் அல்ல. படம் எடுக்க வந்தவன் எவனாவது கதை சொல்ல மாட்டேன் என்று அடம்பிடிப்பானா? இவன் பிடிப்பான். சரி, ஆவணப்படமாவது எடுத்துத் தொலைக்கட்டும் என்றால் அதுவும் முழுசாக ஒத்துவராது. இரண்டையும் கலந்து, என்னவென்று பெயர் சொல்லத் தெரியாத ஒரு வகையில் நாலு படம் எடுத்திருந்தான். கதைப் பிரிவுக்கு அனுப்பினால் ஆவணப் பிரிவுக்குப் போ என்பார்கள், அங்கே போனால் இங்கே போ என்பார்கள். மத்தளத்துக்கு இரண்டு பக்கமும் இடி.

அவன் வேலை செய்யும் முறை என்னவோ எளிமையானதுதான். ஒரு சம்பவத்தை எடுக்க வேண்டுமென்றால், அதைக் கண்ணால் பார்த்தவர்களை முதலில் காமிரா முன்னால் உட்காரவைத்துக் கேட்பான். அவர்கள் சொன்னதை எழுதிக்கொண்டு, அதே இடத்தில், முடிந்தால் அதே ஆட்களை வைத்தே மறுபடி நடிக்கவைப்பான். சொன்னதற்கு மேல் ஒரு வார்த்தை சேர்க்கக் கூடாது. ‘நடந்ததை மட்டும்தான் நடிக்கணும்’ என்று கொட்டை எழுத்தில் எழுதி, படத்தொகுப்பு அறைச் சுவரில் ஒட்டியே வைத்திருந்தான்.

அவனுடைய ஐந்தாவது படம், அவன் மனைவி அவனை விட்டுப் போனதைப் பற்றியது.

“ஏன் மாமா, உங்களுக்கு வேற கதையே கிடைக்கலையா?” என்று கேட்டான் படத்தொகுப்பாளன். அவன் கேட்டதில் நியாயம் இருந்தது, ஏனென்றால் விட்டுப் போனவள் அவனுடைய அக்கா. அவள் போய் நாலு வருடம் ஆயிற்று, சட்டப்படி பிரிந்து இரண்டு வருடம். அக்கா மாமாவை விட்டாலும் தம்பி விடவில்லை. இவனும் அவனை ‘மச்சான்’ என்று கூப்பிடுவதை நிறுத்தவில்லை. நீதிமன்றத்தில் கணவன் மனைவியைத்தான் பிரித்தார்கள், மச்சான் முறையை யாரும் கேட்கவில்லை.

“இது யாரையும் குத்தம் சொல்ற படம் இல்ல, மச்சான். கெட்டவங்க யாருமே இல்லாம ஒரு குடும்பம் எப்படி முடியுதுன்னு ஒரு பார்வை” என்றான் உண்மைவிளம்பி.

“பார்வையெல்லாம் சரி. அக்கா ஒத்துக்கணுமே?”

அதுதான் விஷயம். இன்னொருவர் வாழ்க்கையைப் படமாக்கினால் அவர் கையெழுத்துப் போட்ட சம்மதக் கடிதம் வேண்டும். அது இல்லாமல் எந்தப் படவிழாவும் வாசலில் சேர்க்காது. கையெழுத்துப் போட வேண்டுமானால் அவள் படத்தைப் பார்க்க வேண்டும். பார்க்க வேண்டுமானால் இந்த அறைக்கு வர வேண்டும், இந்த நாற்காலியில் அவன் பக்கத்தில் ஒன்றரை மணி நேரம் உட்கார வேண்டும். பார்த்து முடிக்கும்போது அவள் மனசு மாறிவிடும் என்று அவன் நம்பினான். நாற்பத்திரண்டு வயதில் இதை வெளியே சொல்ல வெட்கம். ஆனால் நம்பினான். ஊருக்கு ஆயிரம் காரணம் சொன்னாலும் அந்தப் படம் ஒரே ஒரு ஆள் பார்ப்பதற்காக எடுக்கப்பட்டது.

அவள் ஒரு பல் ஆய்வுக்கூடத்தில் வேலை பார்த்தாள். மருத்துவர்கள் அளவெடுத்து அனுப்பும் அச்சுகளை வைத்துப் பல்செட் செய்வது அவள் தொழில். மெழுகில் ஈறு செதுக்கி, பற்களை ஒவ்வொன்றாக நட்டு, கடித்தால் மேலும் கீழும் பொருந்துகிறதா என்று விளக்குக்கு அடியில் திருப்பித் திருப்பிப் பார்ப்பாள். “என் வேலையில பொய்ப்பல் நெஜப்பல் மாதிரி இருந்தா பாராட்டுவாங்க. உன் வேலையில நெஜத்தையே பொய்யான்னு கேக்கறாங்க. என்ன பொழப்புடா இது!” என்று கல்யாணமான புதிதில் கிண்டல் செய்வாள். அப்போது அவர்களுக்குள் நீ, நான்தான்.

ஏழு வருடக் குடித்தனம். அதில் பெரிய துரோகம், அடிதடி எதுவும் கிடையாது. அவன் வீட்டில் இருந்தும் வீட்டில் இல்லை, அவ்வளவுதான். அவள் கோபமாகப் பேசிக்கொண்டே இருக்கும்போது எழுந்து போய் ஜன்னல் திரையை விலக்குவான். “ஒரு நிமிஷம், அப்படியே இரு, வெளிச்சம் நல்லா இருக்கு” என்பான். முதல் வருடம் அதற்குச் சிரித்தாள். மூன்றாவது வருடம் திரும்பி உட்கார்ந்தாள். ஏழாவது வருடம் பெட்டியை எடுத்துக்கொண்டு கிளம்பினாள்.

படப்பிடிப்பு அதே வீட்டில், அதே இரண்டாம் மாடிக் கூடத்தில் நடந்தது. அவன் இன்னும் அங்கேதான் குடியிருந்தான். அவனாக அவனே நடித்தான். அவளாக நடித்தவள் ஒரு மழலையர் பள்ளி ஆசிரியை. அதற்கு முன் நடித்ததில்லை, ஆனால் முப்பது குழந்தைகளை ஒரே பார்வையில் உட்காரவைக்கத் தெரிந்தவள். அந்தப் பார்வை தன் மனைவியின் பார்வை மாதிரியே இருக்கிறது என்பதற்காகவே அவளைத் தேர்ந்தெடுத்திருந்தான்.

சாட்சிகள் இரண்டு பேர். கீழ்வீட்டு அம்மா, கேட்டதற்கு மேலேயே சொன்னாள். “சண்டை போட்டா எங்க வீட்டு டிவியைக் குறைச்சிட்டுக் கேப்போம், பொய் சொல்ல மாட்டேன். ஆனா அந்தப் பொண்ணு போன அன்னைக்கு மேலருந்து ஒரு சத்தமும் வரல. பெட்டி உருளற சத்தம்தான் படியில கேட்டுச்சு.” இரண்டாவது சாட்சி, அவளை ஏற்றிக்கொண்டு போன டாக்ஸி ஓட்டுநர். அலைந்து திரிந்து அவரைக் கண்டுபிடித்து, அதே வண்டியில் உட்காரவைத்துக் கேட்டான். “அழல சார். கண்ணாடியில பார்த்தேன். வண்டியை எடுக்கவான்னு கேட்டேன், கொஞ்சம் இருங்கன்னாங்க. அஞ்சு நிமிஷம் மாடியையே பார்த்துட்டிருந்தாங்க. யாரோ இறங்கி வருவாங்க போலன்னு நானும் பார்த்தேன். அப்புறம் போலாம்னாங்க.”

மூன்றாவது சாட்சி அவனேதான். கூடத்தில் என்ன நடந்தது என்று சொல்ல வேறு ஆள் கிடையாது. எட்டு முறை எழுதிப் பார்த்தான். ஒன்பது டேக் எடுத்தான்.

படத்தைக் கோக்கும்போது மச்சான் ஒரு நாள் தலையைச் சொறிந்தான். “மாமா, தப்பா நெனைக்காதீங்க. கீழ்வீட்டம்மா சத்தமே இல்லைங்கறாங்க. இங்க நீங்க கதறிட்டிருக்கீங்க. ரெண்டும் ஒட்டலையே?”

“மெதுவாத்தானே பேசறேன்? கீழ எப்படிக் கேக்கும்?”

“அஞ்சு நிமிஷம் மாடியைப் பார்த்துட்டிருந்தாங்கன்னு அவர் சொல்றாரு. நீங்கதான் சொல்ல வேண்டியதெல்லாம் சொல்லிட்டீங்களே, அப்புறம் எதுக்கு...”

“மனசு இல்லாம போனா, மச்சான். அதான்.”

மச்சான் அடுத்த காட்சிக்குப் போனான். மாமன் மச்சான் உறவில் சில இடங்களில் வாயை மூடிக்கொள்வது மரியாதை.

அவள் ஒரு புதன்கிழமை மதியம் மூன்று மணிக்கு வருவதாகச் சொல்லி அனுப்பினாள். படத்தொகுப்பு அறை ஒரு சலவைக்கடைக்கு மேலே இருந்தது, எந்நேரமும் இஸ்திரி ஆவியின் வாசனை படியேறி வரும். அவன் காலையிலிருந்து இரண்டு முறை பெருக்கினான். கை வைத்த நாற்காலி ஒன்றைக் கீழே கடையிலிருந்து இரவல் வாங்கி வந்தான். சட்டையை மாற்றினான், பிறகு அது ரொம்பப் புதிதாகத் தெரிகிறதென்று பழையதையே போட்டுக்கொண்டான். மச்சான் எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தான், ஆனால் கிண்டல் செய்யவில்லை.

அவள் ஆய்வுக்கூடத்திலிருந்து நேராக வந்திருந்தாள். நக ஓரங்களில் வெள்ளையாக அச்சுமாவு ஒட்டியிருந்தது. முன்பு அதை அவன் ஈரத்துணியால் துடைத்துவிடுவான்.

“நல்லா இருக்கீங்களா?” என்று கேட்டாள்.

அந்த ‘நீங்க’ அவனைச் சுருக்கென்று தைத்தது. இரண்டு வருடமாக யாராவது நன்றாக இருக்கிறாயா என்று கேட்கமாட்டார்களா என்று இருந்தவன், கேட்டதும் தலையை மட்டும் ஆட்டினான்.

படம் ஓட ஆரம்பித்தது. அவன் திரையைப் பார்க்கவில்லை, அவளைத்தான் பார்த்துக்கொண்டிருந்தான். கீழ்வீட்டு அம்மா டிவியைக் குறைத்த கதைக்கு அவள் வாய்விட்டுச் சிரித்தாள். மழலையர் பள்ளி ஆசிரியை மெழுகை உருக்கும் இடத்தில், “அப்படிப் பிடிச்சா கை வெந்துடும்” என்றாள். பெட்டி நீலமில்லை, பழுப்பு என்று திருத்தினாள். ஜன்னல் வெளிச்சக் காட்சி வந்தபோது அக்காளும் தம்பியும் ஒருவரை ஒருவர் பார்த்துச் சிரித்த சிரிப்பில் அவனும் சேர்ந்துகொண்டான். மூன்று பேரும் பழையபடி ஒரே அறையில் சிரித்தார்கள். பழம் நழுவிப் பாலில் விழப்போகிறது என்று அவனுக்குத் தோன்றியது.

பிறகு கூடத்துக் காட்சி வந்தது. நடிகை பெட்டியோடு வாசலருகே நிற்கிறாள். அவன் கூடத்தின் நடுவில் நிற்கிறான். “போகாதே” என்கிறான். குரல் கம்முகிறது. “தப்பு என்னோடது. எல்லாத்தையும் நிறுத்திடறேன். நீ போகாதே.” நடிகை நிலைப்படியைப் பிடித்துக்கொண்டு ஒரு கணம் நிற்கிறாள். பிறகு போய்விடுகிறாள்.

“நிறுத்து” என்றாள் அக்கா, தம்பியிடம். படம் நின்றது.

“இதை யார் சொன்னது?”

“எதை?” என்றான் அவன்.

“போகாதேன்னு.”

“நான்தான் சொன்னேனே.”

அவள் அவனைத் திரும்பிப் பார்த்தாள். பொய் சொல்கிறானா என்று தேடின கண்கள், பொய் இல்லை என்று கண்டு இன்னும் அகலமாயின.

“நீ சொல்லல” என்றாள்.

“சொன்னேன். நல்லா ஞாபகம் இருக்கு. நீ வாசல்ல நின்னே. நான் நடுக்கூடத்துல...”

“நடுக்கூடத்துலதான் நின்னே. காதுல ஹெட்ஃபோன் இருந்துச்சு. கையில ரெக்கார்டர் இருந்துச்சு. அன்னைக்கு ஒரு லிஃப்ட் மெக்கானிக்கைக் கூட்டிட்டு வந்து பேட்டி எடுத்தியே, ஞாபகம் இருக்கா? அவர் போனதும் கூடத்தோட மௌனத்தைப் பிடிக்கத் தயாராயிட்டிருந்தே.”

அவர்கள் தொழிலில் அப்படி ஒரு வழக்கம் உண்டு. ஆளில்லாத அறைக்கும் ஒரு சத்தம் இருக்கிறது. மின்விசிறி, தெரு, சுவருக்குள் ஓடும் தண்ணீர் எல்லாம் சேர்ந்த ஒரு மெல்லிய இரைச்சல். பேச்சை வெட்டி ஒட்டும் இடங்களில் இட்டு நிரப்ப அது வேண்டும். அதனால் பேட்டி முடிந்ததும் ஒரு நிமிடம் யாரையும் அசையவிடாமல் அறையின் மௌனத்தை மட்டும் பதிவு செய்துகொள்வார்கள்.

“நான் கிளம்பறேன்னு சொன்னேன்” என்றாள். “நீ கையைத் தூக்கினே. இப்படி.” உள்ளங்கை தெரியக் கையை உயர்த்திக் காட்டினாள். “ஒரு நிமிஷம் சத்தம் போடாதேன்னு அர்த்தம். ஏழு வருஷம் உன்னோட இருந்தவ இல்லையா, பெட்டியைக் கையில பிடிச்சபடி மூச்சுக்கூட விடாம நின்னேன். கீழ வெச்சா சத்தம் வருமேன்னு கீழகூட வைக்கல. எனக்கே இப்ப நெனைச்சா சிரிப்பா வருது. வீட்டை விட்டுப் போறவ உனக்கு ரெக்கார்டிங் கெட்டுடக் கூடாதேன்னு நிக்கறேன்!” ஆனால் அவள் சிரிக்கவில்லை. “கை இறங்கினதும் ஏதாவது சொல்லுவேன்னு நெனைச்சேன். கையை இறக்கினே. ரெக்கார்டரைப் பார்த்து ஓகேன்னே. அவ்வளவுதான்.”

அவன் மறுத்துச் சொல்ல வாயெடுத்தான். தன் ஞாபகத்தைக் கண்ணை மூடிக் கூப்பிட்டான். அது உடனே வந்தது, துல்லியமாக வந்தது. கூடம், மாலை வெயில், அவள் நிற்கிறாள், அவன் நிற்கிறான், உதடு அசைகிறது. எல்லாம் இருந்தது. அப்போதுதான் அவனுக்கு ஒன்று உறைத்தது. அந்த ஞாபகத்தில் அவனுக்கு அவனுடைய முதுகு தெரிந்தது. கழுத்தும் வலது தோளும் தெரிந்தன. சமையலறைக் கதவோரம் முக்காலியில் காமிரா வைத்த இடத்திலிருந்து பார்த்தால் எப்படித் தெரியுமோ அப்படித் தெரிந்தன. யாருக்காவது தன் ஞாபகத்தில் தன் முதுகு தெரியுமா?

“அந்த ஃபைல் இருக்கு” என்றான் மச்சான் சன்னமாக. இவ்வளவு நேரம் விசைப்பலகையையே பார்த்துக்கொண்டிருந்தவன். “கூடத்து மௌனம்னு பேர் போட்டு வெச்சிருக்கீங்க. இதே சீனுக்கு அடியில அதைத்தான் ஓடவிட்டிருக்கேன். அதே கூடம்தானேன்னு.”

“போடு” என்றாள் அவள்.

மச்சான் மாமாவைப் பார்த்தான். பிறகு போட்டான்.

மின்விசிறிச் சத்தம் கேட்டது. தெருவில் தூரத்தில் ஒரு வண்டி ஹாரன் அடித்துக்கொண்டு போனது. நாலு வருடத்துக்கு முந்தைய ஒரு மத்தியானம் ஒலிபெருக்கி வழியாக அறைக்குள் வந்து நின்றது. அந்த மௌனத்துக்குள் எங்கேயோ அவள் மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றிருந்தாள். ஐம்பத்தெட்டு, ஐம்பத்தொன்பது என்று திரையில் எண்கள் ஓடின. ‘ஓகே’ என்று அவன் குரல் கேட்டது. நல்ல திருப்தியான குரல். பிறகு செருப்புச் சத்தம், கதவு, படியில் பெட்டி உருளும் சத்தம். அதோடு பதிவு முடிந்துவிட்டது. அவன் தன் ‘போகாதே’வுக்காகக் காதைத் தீட்டிக்கொண்டு காத்திருந்தான். பதிவு முடிந்த பிறகும் காத்திருந்தான். வராது என்று தெரிந்தபோது அவனுக்கு அழுகை வந்துவிட்டது. அவள் போனதற்கு அன்று அழாதவன், தான் சொல்லாமல் போன ஒரு வார்த்தைக்காக அந்த இரவல் நாற்காலிக்குப் பக்கத்தில் உட்கார்ந்து அழுதான். மச்சான் தண்ணீர் பாட்டிலை நகர்த்தி வைத்தான்.

“கீழ போய் அஞ்சு நிமிஷம் உக்காந்திருந்தேன். அந்த ஓட்டுநர் சொன்னது சரிதான்” என்றாள் அவள். பிறகு தம்பியிடம், “அந்த சீனை இன்னொரு தடவை போடு” என்றாள்.

“எதுக்குக்கா?”

“போடுடா.”

திரையில் மறுபடி அவன் போகாதே என்றான். தப்பு என்னுடையது என்றான். எல்லாவற்றையும் நிறுத்திவிடுகிறேன் என்றான். அவள் முன்னால் சாய்ந்து, முழங்கையை மேஜையில் ஊன்றி, ஒரு பல்செட்டை விளக்கடியில் பார்ப்பவள்போல் உற்றுப் பார்த்தாள். காட்சி முடிந்ததும் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

“இதைக் கேக்கத்தான் அன்னைக்கு நின்னேன்” என்றாள். “இதுல பாதி சொல்லியிருந்தாக்கூட போதும்.”

“அதை எடுத்துடறேன்” என்றான் அவன். “பொய்யை வெச்சுக்கிட்டு...”

“வேணாம், இருக்கட்டும். எனக்கும் ஒரு தடவையாவது யாரோ சொன்ன மாதிரி இருக்கட்டும். நடக்கலன்னு மட்டும் எழுதிடுங்க.” மறுபடி நீங்க வந்துவிட்டது. “கடிதம் எங்க?”

மச்சான் சம்மதக் கடிதத்தை எடுத்து வைத்தான். அவள் நிதானமாகப் படித்தாள். கையெழுத்துப் போட்டாள். அதற்குக் கீழே இருந்த காலி இடத்தில், ‘கூடத்துக் காட்சியில் இவர் சொல்வதை நிஜத்தில் சொல்லவில்லை. மற்றதெல்லாம் உண்மை’ என்று எழுதி, அதற்கும் ஒரு கையெழுத்துப் போட்டாள். பையை எடுத்துத் தோளில் மாட்டிக்கொண்டாள்.

“வரட்டுமா?” என்றாள். பொதுவாகத்தான் சொன்னாள். தம்பி எழுந்து நின்றான், பிறகு என்ன நினைத்தானோ, மறுபடி உட்கார்ந்து கணினிப் பக்கம் திரும்பிக்கொண்டான்.

அவள் கதவைத் திறந்தாள். இஸ்திரி ஆவி உள்ளே வந்தது. உடனே இறங்கிவிடாமல் அங்கேயே நின்றாள். அவனுக்குப் புரிந்தது. இந்தத் தடவை அவன் கையில் ரெக்கார்டர் இல்லை, காதில் ஹெட்ஃபோன் இல்லை. இப்போது சொல்லாவிட்டால் இனி எந்த ஜென்மத்திலும் இல்லை. அவன் எழுந்தான். நாற்காலி பின்னால் போய் இடித்தது.

“போகாதே” என்றான்.

அடிவயிற்றிலிருந்துதான் வந்தது. சத்தியமாக அவனுடைய சொந்த வார்த்தைதான். ஆனால் காதில் விழுந்தது திரையில் கேட்ட அதே வரி. அதே கம்மல், முடிக்கும் இடத்தில் அதே இழுப்பு. ஒன்பது டேக்கில் பழக்கிவைத்த குரல் அவனை முந்திக்கொண்டு வந்திருந்தது. அவன் காதுக்கே அது தெரிந்தது. அவள் முகத்தைப் பார்த்தான், அவளுக்கும் தெரிந்துவிட்டது.

அவள் கோபப்படவில்லை. கேலியும் செய்யவில்லை.

“இது படத்துல இருக்கே” என்றாள் மெதுவாக. “வேற ஏதாவது சொல்லேன்.”

நிலைப்படியைப் பிடித்துக்கொண்டு அவனையே பார்த்தபடி அவள் காத்திருந்தாள். அவன் வாயைத் திறந்தான். நாக்கு நுனிக்கு வந்தது ‘தப்பு என்னோடது’. அது அடுத்த வரி. அதைத் தள்ளிவிட்டுத் தேடினான். ‘எல்லாத்தையும் நிறுத்திடறேன்’ வந்தது. அதுவும் அவன் எழுதியதுதான். நாலு வருடமாக அவளிடம் சொல்ல வேண்டும் என்று சேர்த்துவைத்திருந்ததை ஒன்றுவிடாமல் படத்துக்குக் கொடுத்துவிட்டிருந்தான். ஒரு சொல், படத்தில் இல்லாத ஒரே ஒரு சொல் கிடைத்தால் போதும் என்று அவளைப் பார்த்துக்கொண்டே நின்றான்.

அவள் நல்ல நேரம் கொடுத்தாள். ஒரு நிமிடத்துக்கு மேலேயே இருக்கும். பிறகு கதவைச் சாத்திக்கொண்டு இறங்கிப் போனாள். கடைசிப் படி வரை அவள் செருப்புச் சத்தம் அவனுக்குத் தெளிவாகக் கேட்டது.